ஆற்றுக்கு அக்கரையில் செல்லாத அட்டை

கொரின் தன் அப்பாவிடம் கேட்டது ஒன்றே ஒன்றுதான். கல்யாணத்துக்குத் துப்பாக்கி கொண்டுவரக் கூடாது.

மாப்பிள்ளை வீட்டார் நியூஜெர்சிக்காரர்கள். நிச்சயதார்த்த விருந்துக்கு அவர்கள் பென்சில்வேனியா வந்திருந்தபோது, கீழே விழுந்த கைக்குட்டையை எடுக்க கொரினின் அப்பா வாரன் டீட்ரிக் குனிந்தார். சட்டை மேலே ஏறியது. இடுப்பில் கறுப்பாக ஒரு பிடி எட்டிப் பார்த்தது. மாப்பிள்ளை டோமினிக்கின் அத்தை அதற்குப் பிறகு சூப்பைத் தொடவேயில்லை. "இது சட்டப்படிதான்" என்று வாரன் எல்லோருக்கும் தன் அனுமதி அட்டையை எடுத்துக் காட்டினார். யாரும் அதைக் கேட்கவில்லை என்பது அவருக்கு உறைக்கவேயில்லை.

அன்றைக்கே கொரின் அம்மாவிடம் சொல்லிவிட்டாள், அப்பா அதோடு வந்தால் சர்ச்சில் மணப்பெண்ணாக நான் அவர் கையைப் பிடித்து நடக்க மாட்டேன் என்று. பிறகு அப்பாவிடமும் போனில் கேட்டாள். வாரன் வாக்குக் கொடுத்தார். கண் கலங்கிக்கூடக் கொடுத்தார். பக்கத்தில் நின்று பாத்திரம் துடைத்துக்கொண்டிருந்த அவர் மனைவி லொரெய்ன் அதைக் கேட்டாள், நம்பினாள். பெண்டாட்டிகள் சில சமயம் அப்படி நம்பிவிடுகிறார்கள்.

கல்யாணத்தன்று காலை இருவரும் தங்கள் ஊரான ரெடிங்கிலிருந்து கிளம்பினார்கள். பின்சீட்டில் உறை போட்டுத் தொங்கிய கோட்டு, லொரெய்னின் மடியில் அவள் கையால் செய்த வால்நட் ரொட்டி டப்பா. வாரன் புதுச் செருக்கோடு வண்டி ஓட்டினார். வழியெல்லாம் அறிவுரைதான். முன்னால் போகிற வண்டிக்கு எவ்வளவு இடைவெளி விட வேண்டும், பெட்ரோல் போட நிற்கும்போது எந்தப் பக்கம் முதுகு காட்டக் கூடாது, விருந்துக் கூடத்தில் வாசலைப் பார்த்த நாற்காலியில்தான் ஏன் உட்கார வேண்டும் என்பதெல்லாம். லொரெய்ன் ஜன்னல் வழியாகச் சோளக்காட்டைப் பார்த்துக்கொண்டு வந்தாள். அவர்கள் தெருவில் கடைசியாக நடந்த குற்றம், யாரோ ஒருவர் வீட்டு வாசலிலிருந்து கிறிஸ்துமஸ் விளக்குச் சரத்தை அவிழ்த்துக்கொண்டு போனது. அதை ஒரு படையெடுப்பைப் போல வாரன் இன்றும் பேசுகிறார்.

பிலடெல்பியாவைத் தாண்டி, ஆற்றைக் கடந்து நியூஜெர்சிக்குப் போகும் பாலத்துக்கான பலகைகள் தென்பட ஆரம்பித்தபோது பின்னால் சிவப்பும் நீலமுமாக விளக்கு சுழன்றது. அறிவுரை சொல்லும் மும்முரத்தில் வாரன் வேகத்தைக் கவனிக்கவில்லை. ஓரமாக நிறுத்தினார். மாநிலப் போலீஸ்காரி ஒருத்தி நடந்து வந்தாள். கொரினைவிட ஓரிரு வயதுதான் மூத்தவளாக இருப்பாள்.

வாரன் இரண்டு கைகளையும் ஸ்டியரிங் மேல் வைத்துக்கொண்டார். அப்படித்தான் செய்ய வேண்டும் என்று வியாழக்கிழமைதோறும் தீயணைப்பு நிலையத்துக் கூடத்தில் வகுப்பெடுக்கிறவர் அவர். துப்பாக்கியை மறைத்து எடுத்துச் செல்ல அனுமதி வாங்குகிறவர்களுக்கு அவர்தான் வாத்தியார். போலீஸ் நிறுத்தினால் லைசென்ஸோடு அனுமதி அட்டையையும் சேர்த்து நீட்டுங்கள், சட்டம் கேட்காவிட்டாலும் அது மரியாதை, நாம் நல்லவர்கள் என்று அவர்களுக்கு முதல் பார்வையிலேயே தெரிந்துவிடும் என்று பாடம் நடத்துவார். அந்த மரியாதை அவர் ரத்தத்தில் ஊறிப்போயிருந்தது. போலீஸ்காரி லைசென்ஸைக் கேட்டாள். வாரன் இரண்டு அட்டைகளை நீட்டினார்.

நீட்டிய பிறகுதான் பக்கத்தில் மனைவி உட்கார்ந்திருப்பது அவருக்கு ஞாபகம் வந்தது.

போலீஸ்காரி இரண்டாவது அட்டையைப் பார்த்தாள். இப்போது கூடவே இருக்கிறதா என்று கேட்டாள். இடுப்பில், வலது பக்கம் என்றார் வாரன், சர்ச்சில் பாவமன்னிப்புக் கேட்கும் குரலில். அது அங்கேயே இருக்கட்டும், தொட வேண்டாம் என்று அவள் சொன்னாள். எங்கே போகிறீர்கள் என்று கேட்டாள்.

"கேப் மே. எங்க பொண்ணுக்குக் கல்யாணம்" என்றாள் லொரெய்ன். நியூஜெர்சியின் கடற்கரை ஊர் அது.

போலீஸ்காரி அட்டைகளைத் திருப்பிக் கொடுத்தாள். அபராதம் போடவில்லை. கல்யாண நாள் என்பதால் எச்சரிக்கையோடு விட்டாள். ஆனால் உடனே போய்விடவில்லை. ஜன்னலில் கை வைத்துக் குனிந்தாள்.

"சார், பாலத்துக்கு அந்தப் பக்கம் போய் இத நீட்டிடாதீங்க. இங்க இது மரியாதை. அங்க இது வாக்குமூலம்."

பிறகு லொரெய்னைப் பார்த்து வாழ்த்துச் சொல்லிவிட்டுப் போனாள்.

வண்டி கிளம்பவில்லை. லாரிகள் கடந்துபோகும்போதெல்லாம் கார் லேசாக ஆடியது. வாரன் முதலில் தொண்டையைக் கனைத்தார். அப்புறம் அது பழக்கம் என்றார், காலையில் பெல்ட் போடுவது மாதிரி கை தானாகப் போய்விட்டது என்றார். லொரெய்ன் திரும்பவில்லை. கடைசியில் அவர், இதில் ஒன்றும் பிரச்சினையில்லை, தோட்டாவைக் கழற்றிப் பெட்டியில் பூட்டி டிக்கியில் வைத்துவிட்டால் மத்தியச் சட்டமே நமக்குப் பாதுகாப்பு, எந்த மாநிலத்து வழியாகவும் போகலாம் என்று ஆரம்பித்தார்.

லொரெய்ன் கோபம் வந்தால் கத்துகிறவள் இல்லை. அவளுக்குக் கோபம் வந்தால் மரியாதை வந்துவிடும்.

"வாத்தியாரே, வியாழக்கிழமை வியாழக்கிழமை உங்க வகுப்புல காபி ஊத்துறது யாரு?"

"நீதான்" என்றார் வாரன், ஸ்டியரிங்கைப் பார்த்துக்கொண்டு.

"அந்தச் சட்டம் யாருக்குன்னு நீங்கதான சொல்லிக் குடுத்தீங்க? கடந்து போறவனுக்கு. கிளம்புற இடத்துலயும் அனுமதி இருக்கணும், போய்ச் சேர்ற இடத்துலயும் இருக்கணும். நாம என்ன நியூஜெர்சியக் கடந்தா போறோம்? கடந்து போனா அட்லாண்டிக் கடல்தான் இருக்கு. மீனுங்க அட்டைய ஒத்துக்குமா?"

அவர் வகுப்பில் ஒரு பெரிய வரைபடம் மாட்டியிருப்பார். பென்சில்வேனியா அட்டை செல்லும் மாநிலமெல்லாம் பச்சை, செல்லாததெல்லாம் சிவப்பு. பக்கத்து வீடு மாதிரி ஒட்டிக்கொண்டிருக்கும் நியூஜெர்சியின் மேல் குச்சியால் தட்டி, "இங்கதான் நல்லவங்க ஜெயிலுக்குப் போறாங்க" என்று சொல்வார். நடத்துநர் ஒருவர், ஓட்டல் முதலாளி ஒருவர், பேத்தி எடுத்த பாட்டி ஒருத்தி என்று யார் யாரோ வழி தவறிப் பாலம் ஏறிச் சிறைக்குப் போன கதைகளைச் சொல்லி மாணவர்களை நடுங்க வைப்பார். அந்த முட்டாள்களின் வரிசையில் தானும் போய் நிற்கலாம் என்று அவருக்குத் தோன்றியதே இல்லை. எல்லா எச்சரிக்கையும் அடுத்தவனுக்கு என்று நினைப்பதுதான் அவர் குணம்.

"உன்னைப் பாதுகாக்கத்தான்" என்றார் இப்போது.

"யார்கிட்டருந்து? கேக்குகிட்டருந்தா?"

அவர் முகம் சிவந்தது. பழக்கமில்லாத ஊர், நூறு பேர் கூடுகிற இடம், கதவுகள் எங்கே இருக்கின்றன என்றுகூடத் தெரியாது என்று அடுக்கினார். லொரெய்ன் டப்பாவின் மூடியை அழுத்தி மூடினாள். வீட்டுக்குத் திரும்பிப் போய்விட்டு வர நேரம் இல்லை. துப்பாக்கியைக் காரிலேயே விட்டு இக்கரையில் நிறுத்தினால், கண்ணாடியை உடைத்து எவனாவது எடுத்துப் போவான். அப்போது பொறுப்பில்லாதவன் என்ற பெயர் வரும் என்று வாரனே சொன்னார். அந்தப் பெயருக்கு அவர் அஞ்சுவது அவளுக்குச் சிரிப்பாக இருந்தது.

பாலத்துக்கு முன்னால் இருந்த கடைசி ஊரில் ஒரு துப்பாக்கிக் கடை இருப்பது வாரனுக்கே தெரியும். சலவைக் கடைக்கும் முடி திருத்தும் கடைக்கும் நடுவில் இருந்தது. உள்ளே போனார்கள். கவுண்டருக்குப் பின்னால் தாடிக்காரர் ஒருவர் சாண்ட்விச் தின்றுகொண்டிருந்தார். வாரனின் முழுக்கைச் சட்டையையும் லொரெய்னின் பட்டு உடையையும் பார்த்ததுமே அவருக்கு விஷயம் புரிந்துவிட்டது.

"கல்யாணமா, கடற்கரையா?" என்று கேட்டார்.

சனிக்கிழமையானால் இதே வேலைதான் என்றார். பாலம் ஏறுகிறவர்கள் இங்கே விட்டுவிட்டுப் போவார்கள், திரும்பும்போது எடுத்துக்கொள்வார்கள். எழுதிக்கொடுத்துவிட்டு, திருப்பி வாங்கும்போது புதிதாக வாங்குகிறவனைப் போலப் குற்றப் பின்னணிச் சோதனைக்கு உட்பட வேண்டும், அவ்வளவுதான். வாரனுக்கு அந்தக் கடைசி வரிதான் தைத்தது. என் துப்பாக்கியை நான் திருப்பி வாங்க என்னையே சோதிப்பீர்களா, நான் வகுப்பெடுக்கிறவன் என்றார். தாடிக்காரர் உதட்டோரத்து மயோனைஸைத் துடைத்துக்கொண்டே, வகுப்பெடுக்கிறவர்கள்தான் அதிகம் வருகிறார்கள் என்றார்.

அந்த நேரம் பார்த்து லொரெய்னின் போன் அடித்தது. கொரின். முடி அலங்காரம் முடிந்துவிட்டது, எங்கே இருக்கிறீர்கள் என்று கேட்டாள். பாலத்துக்குப் பக்கத்தில் என்றாள் லொரெய்ன். கொரின் சரி என்றாள். பிறகு, "அம்மா, அப்பா வெறும் கோட்டோடதான வர்றாரு?" என்று கேட்டாள். லொரெய்ன் கணவரைப் பார்த்தாள். சத்தம் கவுண்டர் வரைக்கும் கேட்டிருந்தது.

வாரன் மெதுவாக இடுப்பிலிருந்து உறையோடு எடுத்தார். தோட்டாவைக் கழற்றினார். கண்ணாடி மேல் வைத்தார். ஆமாம் என்று லொரெய்ன் போனில் சொன்னாள்.

வெளியே வந்ததும் அவளுக்கு மனசு இளகிவிட்டது. முப்பது வருஷக் குடித்தனம் அப்படித்தான். ரெடிங் சந்தையில் கொரினைத் தோளில் ஏற்றிக்கொண்டு, அவள் தின்ற ஐஸ்கிரீம் தன் தலையில் வழிய வழிய நடந்த மனிதர்தானே இவர். ஞாயிற்றுக்கிழமை எல்லோருக்கும் முன்னால் எழுந்து பான்கேக் சுட்டு, கருகியதைத் தனக்கு வைத்துக்கொள்கிறவர்தானே. கோட்டை எடுத்து மாட்டிவிட்டாள். மணப்பெண்ணின் அப்பாவுக்கான பூவைக் கோட்டுப் பையோரத்தில் குத்திவிட்டாள். "அழகாத்தான் இருக்க" என்றாள். அவர் வெட்கப்பட்டார். வலது கை மட்டும் இடுப்புப் பக்கம் போவதும் வருவதுமாக இருந்தது, பல் பிடுங்கிய இடத்துக்கு நாக்கு போவது போல.

"நானே ஓட்டுறேன்" என்று லொரெய்ன் சாவியை வாங்கிக்கொண்டாள். வாரன் மறுபக்கம் ஏறி உட்கார்ந்தார். காலை உள்ளே இழுத்தபோது கால்சட்டை கொஞ்சம் மேலே ஏறியது.

கணுக்காலில் ஒரு தோல் பட்டை. பட்டைக்குள் இன்னொன்று.

லொரெய்ன் சாவியைத் திருகவில்லை. "அது என்ன?" என்று கேட்டாள்.

வாரன் குனிந்து பார்த்தார், அது அங்கே இருப்பது தனக்கே புதுச் செய்தி என்பது போல.

"அது சின்னது" என்றார்.

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வெகுநேரம் சிரித்தாள். சலவைக் கடையிலிருந்து துணிக்கூடையோடு வெளியே வந்த ஒரு பெண் நின்று பார்த்துவிட்டுப் போனாள். சிரிப்பு அடங்கியதும் லொரெய்ன் கண்ணைத் துடைத்துக்கொண்டு, மை கலையாமல் இருக்கிறதா என்று கண்ணாடியில் பார்த்துக்கொண்டாள்.

"கடை இங்கதான் இருக்கு வாரன். குனி. பட்டைய அவிழு. உள்ள போய் வச்சுட்டு வா. நான் காத்திருக்கேன்."

அவர் இறங்கினார். கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார். கடையின் வாசலைப் பார்த்தார், பாலத்தின் பக்கம் பார்த்தார். ஒன்றைக் கொடுத்துவிட்டேனே என்றார். யாரும் பார்க்கப் போவதில்லை என்றார். ஒரு மனிதன் முழுக்க வெறுமையாக எப்படி ஒரு கூட்டத்துக்குள் போவது என்றார். கடைசியாகச் சொன்ன அதில்தான் அவர் குரல் உடைந்தது.

அப்போதுதான் லொரெய்னுக்குப் பிடிபட்டது. இவ்வளவு வருஷமாக உரிமை என்றும், பொறுப்பு என்றும், குடும்பத்தைக் காப்பது என்றும் அவர் குச்சி பிடித்துப் பாடம் நடத்தியதெல்லாம் ஒன்றுமே இல்லை. அவருக்குப் பயம். வால்நட் ரொட்டி தின்னக் கூடுகிற அத்தைகளையும் மாமன்களையும் கண்டு பயம். ஆறடி உயரமும் அகன்ற தோளும் வைத்துக்கொண்டு, மகளின் கையைப் பிடித்து நடக்கக் கணுக்காலில் ஒரு துணை வேண்டியிருக்கிறது. வேறொரு நாளாக இருந்தால் அவள் இறங்கிப் போய் அவரைக் கட்டிக்கொண்டிருப்பாள்.

குனிய வேண்டும். அவ்வளவுதான். அவர் குனியவில்லை.

லொரெய்ன் அவருடைய பையை எடுத்துக் கொடுத்தாள். பக்கத்தில் மோட்டல் இருக்கிறது, ராத்திரி வந்து அழைத்துக்கொள்கிறேன் என்றாள். இதைப் பேசித் தீர்த்துக்கொள்ளலாமே என்று வாரன் கதவை விடாமல் பிடித்தார்.

"பேசித் தீத்தாச்சு. உன் பொண்ணு உங்கிட்ட போன மாசமே பேசித் தீத்துட்டா."

கதவிலிருந்து அவர் கை விலகியது. அவள் வண்டியைக் கிளப்பினாள். அந்தப் பக்கம் போகிறவர்களிடம் அந்தப் பாலத்தில் சுங்கம் வாங்குவதில்லை, திரும்பி வருகிறவர்களிடம்தான். நடுப்பாலத்தில் நியூஜெர்சி வரவேற்கிறது என்ற பலகையைத் தாண்டும்போது, பக்கத்துச் சீட்டில் அவர் விட்டுப்போன அறிவுரைகளின் அமைதி எவ்வளவு சுகமாக இருக்கிறது என்று நினைத்தாள். நினைத்ததற்காக வருத்தப்படவும் செய்தாள், அக்கரை வரும்வரைக்கும்.

கேப் மேயில் சர்ச்சுக்குப் பின்னாலிருந்த சின்ன அறையில் கொரின் வெள்ளை உடையில் நின்றுகொண்டிருந்தாள். வழியெல்லாம் லொரெய்ன் பொய்களைத் தயார் செய்து வைத்திருந்தாள். வயிற்றுவலி, டயர் பஞ்சர், நெரிசல். மகள் கதவையே பார்த்துக்கொண்டிருந்த விதத்தைக் கண்டதும் ஒன்றும் வாயில் வரவில்லை.

"அப்பா எங்கம்மா?"

"பாலத்துக்கு அந்தப் பக்கம் நிக்கிறாரு. என்னால கூட்டிட்டு வர முடியல."

கொரின் முக்காட்டின் ஓரத்தைச் சரிசெய்துகொண்டே இருந்தாள். அது சரியாகத்தான் இருந்தது.

"எத்தன வச்சிருந்தாரு?"

"ரெண்டு. ஒண்ணக் குடுத்துட்டாரு."

"எனக்காகவா?"

"உனக்காகத்தான்" என்றாள் லொரெய்ன். அது உண்மைதான். பாதி உண்மை, பாதித் துப்பாக்கி.

 மகள் அழப்போகிறாள் என்று நினைத்து லொரெய்ன் கைக்குட்டையை எடுத்தாள். கொரின் அதை வாங்கித் தன் கண்ணைத் துடைக்காமல், அம்மாவின் முகவாயில் ஒட்டியிருந்த சர்க்கரைத் தூளைத் துடைத்துவிட்டாள். வரும் வழியில் ஆத்திரம் தாளாமல் ரொட்டி டப்பாவைத் திறந்து இரண்டு துண்டு தின்றிருந்தாள் லொரெய்ன்.

உள்ளே ஆர்கன் வாசிக்க ஆரம்பித்தார்கள். கைப்பைக்குள் போன் அதிர்ந்தது. யார் என்று பார்க்க வேண்டிய அவசியமில்லை. லொரெய்ன் பையை நாற்காலியில் வைத்தாள்.

கதவு திறந்தது. நூறு பேர் எழுந்து திரும்பிப் பார்த்தார்கள். மாப்பிள்ளை வீட்டார் பக்கம் மாப்பிள்ளையையும் அவன் அத்தையையும் இன்னும் ஓரிருவரையும் தவிர ஒருவரைக்கூட அவளுக்குத் தெரியாது. கதவுகள் எங்கெங்கே இருக்கின்றன என்று அவள் பார்க்கவில்லை. மகளின் கையைத் தன் கைக்குள் வைத்துக்கொண்டு, வேறு ஒன்றும் இல்லாமல், அந்தக் கூட்டத்துக்கு நடுவே நடந்து போனாள்.