பதினான்கு சீட்டுகளும் ஒரு நீலமும்

என் அப்பா சென்னியப்பன் முப்பத்தொன்பது வருஷமாகச் செருப்புகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து தியானம் செய்தவர். அவருக்குக் கோபம் வராது. அவர் பங்கையும் சேர்த்து எனக்கு வரும்.

ராசிபுரத்தில் நாங்கள் சில குடும்பங்கள் நிறவழி என்ற நெறியைப் பின்பற்றுகிறோம். கோயில் கிடையாது, பூசை கிடையாது. தை மாதம் முதல் ஞாயிறு ஒரு கூடத்தில் கூடி, சுவரில் கட்டிய சிவப்புத் துணியை இமைக்காமல் பார்த்துவிட்டுக் கண்ணை மூடுவோம். மூடிய கண்ணுக்குள் வேறொரு நிறம் எழும். துணியின் நிறம் துணிக்குச் சொந்தம், உள்ளே எழுவது அறிவுக்குச் சொந்தம் என்பது எங்கள் கொள்கை. அறிவு எல்லோருக்கும் ஒன்றே என்பதால் உள்நிறமும் ஒன்றாகத்தான் இருக்க வேண்டும். அது பச்சை. மூத்தவரிலிருந்து தொடங்கி ஒவ்வொருவராக வாய்விட்டுச் சொல்வோம்.

அப்பா நாமக்கல்லில் லாரிகளுக்குப் பெயிண்ட் அடித்தவர். இருபத்தேழு வயதில் முதல்முறை வரிசையில் உட்கார்ந்து, தன் முறை வந்ததும் நீலம் என்றார். அறிவை இரண்டாக்கிவிட்டான் என்று வாசலுக்கு வெளியே அனுப்பிவிட்டார்கள். பச்சை என்று சொல்லித் தொலைத்திருந்தால் அன்றே முடிந்திருக்கும். மனிதர் அடுத்த வருஷமும் போய், வெளியில் உட்கார்ந்தபடியே நீலம் என்றார். அதற்கடுத்த வருஷமும் அப்படியே. யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

இந்த வருஷம் அவருக்குச் சேலத்தில் பைபாஸ் ஆபரேஷனுக்கு நாள் குறித்தாயிற்று. அதற்குமுன் ஒருமுறை துணிக்கு நேரே உட்கார்ந்து பார்க்க ஆசை என்று அம்மாவிடம் சொல்லியிருக்கிறார். வாசலிலிருந்து பாதித் துணிதான் தெரியுமாம். இந்த ஞாயிறு அவரை உள்ளே உட்கார வைக்காமல் விடுவதில்லை என்று முடிவு செய்தேன்.

நான் குமாரபாளையத்தில் ஒரு சாயப்பட்டறையில் ஷேடு பார்க்கிற வேலையில் இருக்கிறேன். அங்கே ஒரு துணியை இரண்டு பேர் பார்த்தால், வாயைத் திறக்கும்முன் இருவரும் தனித்தனியே எழுதிவிட வேண்டும். சூப்பர்வைசர் மெரூன் என்றுவிட்டால் பக்கத்தில் நிற்பவருக்கும் மெரூனாகத்தான் தெரியும். கண் அவ்வளவு பயந்தது.

ஞாயிறன்று காகிதமும் பென்சில்களும் கொண்டுபோனேன். எங்களில் மூத்தவரான உண்ணாமலை பெரியம்மாவுக்கு எழுபத்தாறு வயது. இந்த முறை வாய்விட்டுச் சொல்லாமல் எழுதித் தரலாம் என்று நான் சொன்னதும், அப்படி வழக்கமில்லை என்று ஒரே வார்த்தையில் மறுத்தார்.

“பாத்ததச் சொல்லோணும்னுதானுங்க பெரிம்மா இருக்குது. அடுத்தவங்க சொன்னதக் கேட்டுட்டுச் சொல்லோணும்னு இல்லீங்களே” என்றேன்.

விசைத்தறி வைத்திருக்கும் பிரபாகர் மாமா, “சௌந்தர்யா, உக்காரு” என்று அதட்டினார். நான் துணிக்கு முன்னால் போய் நின்றுகொண்டேன். என்னைத் தாண்டி யார் எதைப் பார்த்துவிட முடியும்? கால் மணி நேரம் நின்றிருப்பேன். கடைசியில் பெரியம்மா காகிதத்துக்குக் கை நீட்டினார்.

நானும் பத்து வருஷமாகப் பச்சை என்று சொன்னவள்தான். எனக்குத் தெரிந்ததோ மயில்கழுத்து நிறம். அன்றுதான் அதை எழுதினேன், வெட்கமாக இருந்தது.

அப்பாவுடையதையும் சேர்த்துப் பதினான்கு சீட்டு. எல்லோருக்கும் முன்னால் பிரித்துப் படித்தேன். பச்சை ஆறு, நீலம் நான்கு, மயில்கழுத்து மூன்று. ஒன்றில் எதுவும் இல்லை. யாரோ எழுத மறந்துவிட்டார்கள் என்று பிரபாகர் மாமா சிரித்தார்.

“மறக்கலப்பா. அது என்ற சீட்டு” என்றார் உண்ணாமலை பெரியம்மா. “எனக்கு ஒண்ணுமே தெரியறதில்ல. கண்ணாலமாகி வந்த வருசம் எங்க மாமியா பச்சைன்னாங்க, நானும் பச்சைன்னேன். அம்பத்தஞ்சு வருசமா அதையே சொல்லிட்டிருக்கறேன்.”

சொல்லிவிட்டு எழுந்தார். மெல்ல வாசலைத் தாண்டிப் போய், அப்பாவுக்குப் பக்கத்தில் வெறும் தரையில் உட்கார்ந்துவிட்டார். என் இடம் இதுதான் என்று சொல்லாமல் சொன்னார். நான் இதை எதிர்பார்க்கவில்லை. ஜெயித்த சந்தோஷம் போன இடம் தெரியவில்லை.

அப்பா அவரைப் பார்த்தார். பிறகு எழுந்து கை கொடுத்தார்.

“உள்ள வாங்க பெரிம்மா. ஒண்ணுந் தெரியலைன்னா, தெரியலைன்னே சொல்லுங்க. அதுவும் பாத்ததுதானுங்க.”

அவரைக் கைத்தாங்கலாக அழைத்து வந்து முன்வரிசையில் உட்கார வைத்தார். தானும் பக்கத்தில் உட்கார்ந்தார். யாரும் அவரை வெளியே போகச் சொல்லவில்லை. மறுபடியும் துணியைப் பார்த்தோம், கண்ணை மூடினோம். பெரியம்மா கூடம் முழுக்கக் கேட்கும்படி, “ஒண்ணுமில்ல” என்றார். வயதில் அடுத்தவர் அப்பா. அவர் என்ன சொல்லப்போகிறார் என்று தெரிந்தும், கேட்பதற்காக எல்லோரும் காத்திருந்தார்கள்.