வாத்துக்காரரின் கடைசி அரை மணி

"பையைத் திறங்க, அங்கிள்," என்றாள் ஹேசல்.

தகன மண்டப வாசலில் நாரிஸ் தோல்பையை மார்போடு அணைத்துக்கொண்டு நின்றார். அவளுடைய அப்பாவோடு நாற்பது வருடம் மேடையேறிய கூட்டாளி.

"சாண்ட்விச்சும்மா. மதியம் மாத்திரை போடணும்."

வாங்கித் திறந்து பார்த்தாள். சாண்ட்விச்தான். இருந்தும் ரொட்டியைப் பிரித்து உள்ளேயும் ஒரு தடவை பார்த்தாள்.

அப்பா செட்ரிக் ஒரு காலத்தில் சனிக்கிழமை மாலைகளில் ஊர் உலகத்தையே டிவி முன்னால் உட்காரவைத்தவர். கோட்டு சூட்டு, தலையில் தேநீர்ப் பாத்திரத்தின் கம்பளி உறை, எதிரில் ஒரு வாத்து. அதனிடம் பரம மரியாதையாக நாட்டு நடப்பு கேட்பார். டிவிக்காரர்கள் கைவிட்ட பிறகும் அவர் விடவில்லை. ஹேசலின் கல்யாணத்தில் பாதிரியார் ஆட்சேபணை உண்டா என்று கேட்டதும் பின்வரிசையிலிருந்து வாத்து கத்தியது. அம்மாவைப் பெற்ற பாட்டியின் சவப்பெட்டி குழிக்குப் புறப்பட்டபோது, அப்பா சொல்லிவைத்தபடி ஆர்கன்காரர் சர்க்கஸ் மெட்டு வாசித்தார். அம்மா டோரீன் அதற்கப்புறம் ஒரு வருடம் அவரோடு முகம் கொடுத்துப் பேசவில்லை. இருந்தும் கெடுத்தவர், செத்தும் கெடுக்காமல் விடுவாரா?

"என்னை நாலு பேர் முன்னாடி தலைகுனிய வச்சிடாதடி," என்று காலையில் அம்மா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். "பாத்துக்கறேன்னு சொல்லு."

சொல்லிவிட்டாள். அதனால்தான் ஆர்கன்காரரை மிரட்டியிருந்தாள், மலர்வளையங்களைப் புரட்டியிருந்தாள். பெட்டிக்குள் ஏதாவது வைக்கச் சொன்னாரா என்று சவ அடக்கக்காரரையும் கேட்டாள்.

"உங்கப்பாவைத் தவிர ஒண்ணும் இல்ல, மேடம்."

உள்ளே பாதிரியார் இருமினாலும் அவளுக்குத் தூக்கிவாரிப்போட்டது. பாட்டு முடிந்தது. பெட்டியை மறைத்துக்கொண்டு நீலத்திரை மெதுவாக மூடியது. ஒன்றும் நடக்கவில்லை.

அப்பாடா என்று மூச்சு விட்டவள் திரும்பிப் பார்த்தாள். ஒருவர்கூட எழுந்திருக்கவில்லை. எண்பது பேரும் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். சிலர் சிரிப்பை உதட்டிலேயே தயாராக வைத்திருந்தார்கள்.

"அங்கிள், நெஜமாவே ஒண்ணும் இல்லையா?" என்று கிசுகிசுத்தாள்.

"எங்கிட்ட ஒண்ணும் சொல்லலம்மா." நாரிஸ் தோல்பையை மடியில் இழுத்து வைத்துக்கொண்டார். "ரெண்டு தடவ கேட்டேன். களைப்பா இருக்குடான்னுட்டான்."

அவளுக்கு அப்போதுதான் அழுகை வந்தது. அப்பா களைத்துப்போய் அவள் பார்த்ததே இல்லை.

மண்டபச் சிப்பந்தி குனிந்து வந்தான். "மன்னிக்கணும். அடுத்த குடும்பம் வெளிய மழையில நிக்குது."

ஹேசல் எழுந்து அம்மாவின் முழங்கையைத் தொட்டாள். "போலாம்மா. நீ பயந்த மாதிரி ஒண்ணும் ஆகல."

அம்மா திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"இருடி, இன்னும் ஒரு நிமிஷம்," என்றாள். "உங்கப்பா எப்பவுமே லேட்டாத்தான் ஆரம்பிப்பாரு."

ஹேசல் மறுபடியும் உட்கார்ந்தாள்.