இரண்டாவது ஜிப்பா

பின்கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்து நின்றவனைப் பார்த்ததும் வீரம்மாளுக்கு வயிறு பற்றி எரிந்தது. தங்கதுரை! விருத்தாசலத்துப் பீங்கான் பட்டறையில் அவள் கோப்பைக்குக் கைப்பிடி ஒட்டுவாள், இவன் சூளையில் அடுக்குவான். எழுபதாம் வருஷம் பிறப்பதற்குள் நக்சலைட்டுகளோடு சேர்ந்து தலைமறைவாகிவிட்டான். பாவி, வேறு வீடா கிடைக்கவில்லை இவனுக்கு?

"அக்கா, தெரு முழுக்க போலீஸு. மாத்திக்க ஒரு சட்டை குடுங்க, போயிடறேன்."

சட்டை வேண்டுமாம் சட்டை! அவள் புருஷன் மாயவன் செத்ததே சட்டையால்தான். கருவேப்பிலங்குறிச்சிப் பண்ணையார் தேவநாதன், பொங்கலுக்குத் தன் பழைய சில்க் ஜிப்பா இரண்டைப் பண்ணையாள் மாயவனுக்குக் கொடுத்தார். பெருமை தாங்கவில்லை மனுஷனுக்கு. அதில் ஒன்றைப் போட்டுக்கொண்டு, கரும்புக் கொல்லையில் ஒளிந்திருந்த இவன் கூட்டத்துக்குச் சோறு கொண்டுபோனான். பொழுது மங்கும் நேரம். தாங்கள் தீர்த்துக்கட்டக் காத்திருந்த பண்ணையார்தான் என்று நினைத்துப் பின்னாலிருந்து வெட்டிப் போட்டுவிட்டார்கள். ஏழைக்காகப் போராடுகிற சூரர்கள்!

போலீஸ் மட்டும் என்ன யோக்கியமா? சோறு போட்ட குடும்பம் என்று அவள் தம்பி கொளஞ்சியப்பனை இழுத்துக்கொண்டு போய்விட்டது. தங்கதுரையைக் காட்டிக்கொடுத்தால்தான் தம்பி உயிரோடு வருவான் என்று சொல்லியிருந்தார்கள்.

"முதுகப் பாத்து வெட்டுனீங்களே, மூஞ்சியப் பாத்தீங்களாடா?"

"தப்பு நடந்துபோச்சுக்கா. உங்களுக்காகத்தான் நாங்க..."

"வாய மூடு!"

பெட்டியைத் திறந்து இரண்டாவது ஜிப்பாவை அவன் மேல் வீசினாள். "போட்டுக்கிட்டுப் போ. போலீஸு கும்பிடும். உன் ஆளுங்ககிட்ட மட்டும் ஜாக்கிரதையா இரு."

அவன் ஒரு கையை நுழைத்தான். அப்புறம் உருவிவிட்டான்.

"இது வேணாங்கா. முந்திரித் தோப்புல எங்காளுங்க இருக்காங்க."

"பயமா இருக்குதா? அந்த மனுஷனுக்குப் பயப்படத் தெரியலடா. உங்கள நம்பிட்டாரு."

வீரம்மாள் முன்கதவைத் திறந்தாள். "ஐயா, ஓடியாங்க, இங்க இருக்கான்!" என்று தெருவே அதிரக் கத்தினாள். தங்கதுரை ஓடவில்லை. ஜிப்பாவைக் கையில் பிடித்தபடி அப்படியே உட்கார்ந்துவிட்டான்.

நாலு பேர் வந்து அவனை உதைத்து இழுத்துப்போய் ஜீப்பில் போட்டார்கள். வீரம்மாள் ஏட்டின் காலில் விழுந்தாள். "சொன்னபடி புடிச்சிக் குடுத்துட்டேன். எந்தம்பிய வுட்டுடுங்கய்யா."

ஏட்டு தரையில் கிடந்த ஜிப்பாவை லத்தியால் தூக்கிப் பார்த்தார்.

"புருஷன் சோறு குடுத்தான், நீ சட்டை குடுக்கிறியா? ஏறுடி வண்டியில."