இரண்டாம் மனுவுக்கு வைத்திருந்த காரணம்

ஹம்பேர்க்கில் இராசலிங்கம் அண்ணையிடம் மனு எழுதுவிக்காத தமிழர் குறைவு. எண்பதுகளில் கிழக்கு பெர்லினின் ஷோனெஃபெல்ட் விமான நிலையத்தில் வந்திறங்கிய சனத்துக்கெல்லாம் அகதி மனு எழுதிக் கை பழுத்த மனிதர். அவருக்கு ஒரே கொள்கை: நல்ல காரணத்தை முதல் மனுவில் போடக்கூடாது. முதல் மனுவை அதிகாரி எப்படியும் தள்ளுவான், இரண்டாவதுக்குப் புதுக் காரணம் கேட்பான், அப்போது கையில் ஒன்று இருக்கவேண்டும். இந்தக் கொள்கையால் நாலு பேருக்கு விசா கிடைத்தது உண்மை. மற்றவர்களைப் பற்றி அண்ணை கதைப்பதில்லை.

பிளோறன்ஸின் கணவன் சில்வெஸ்டரை, எல்லையால் ஆட்களைக் களவாக ஏற்றி வந்தான் என்று 2006இல் உள்ளே போட்டார்கள். மூன்று வருடம், முடிந்ததும் நாடுகடத்தல். வான் வண்டி என்னுடையது, ஓட்டியவன் வேறு ஆள் என்று தலைகீழாக நின்றான். எடுபடுமா? முக்கிய சாட்சி பேசிய முக்கால் மணித்தியாலமும் மொழிபெயர்ப்பாளர் மண்டபத்திலேயே இல்லை. தண்டச்சீட்டுக்குப் பயந்து காரை இடம்மாற்றப் போய்விட்டார், மகராசன்! சில்வெஸ்டர் விளங்காத ஜேர்மனுக்கு மரியாதையாகத் தலையாட்டிக்கொண்டிருந்தான். அரசு கொடுத்த வக்கீலும் சேர்ந்து ஆட்டினார்.

மேன்முறையீட்டுக்கு பிளோறன்ஸும் துணைக்குப் போன அண்ணையும் யூலியா என்ற புது வக்கீலைப் பிடித்தார்கள். விசாரணையில் ஏதும் பிழை நடந்ததா என்று அவள் கேட்டாள். விசாரணை முழுவதும் மண்டபத்தில் இருந்து பார்த்த பிளோறன்ஸ் வாயைத் திறந்தாள். மேசைக்குக் கீழே அண்ணையின் சப்பாத்து அவள் காலை அமத்தியது.

"ஒன்றுமில்லை" என்று அண்ணையே ஜேர்மனில் சொன்னார்.

வெளியே வந்ததும், "பிள்ளை, அந்த முக்கால் மணித்தியாலம் தங்கக்கட்டி. இப்பவே குடுத்திட்டா ரெண்டாவதுக்கு என்னத்தைப் போடுறது?" என்றார்.

மனு பாதி வென்றது. முன்பு ஒரு குற்றமும் செய்யாதவன் என்பதைக் கீழ் நீதிமன்றம் கவனிக்கவில்லை என்று, தண்டனையை மட்டும் உடைத்து, திரும்பத் தீர்ப்புச் சொல்லச் சொன்னார்கள். மூன்று வருடம் இரண்டரையாயிற்று. அண்ணைக்குக் கால் நிலத்தில் படவில்லை.

"புதுத் தண்டனை, புதுத் தீர்ப்பு! பழைய மனு பழைய தீர்ப்போடை செத்துப்போச்சு. இதுக்கு இதுதான் முதல் மனு. இனித் தங்கக்கட்டியை எடுக்கிறம்!"

எடுத்தார்கள். கேட்ட யூலியா போட்டுப் பார்ப்போம் என்று போட்டாள். மூன்று மாதத்தில் நாலு வரியில் பதில் வந்தது. தண்டனைதான் புதிது, குற்றவாளி என்ற முடிவு முதல் மனுவோடேயே உறுதியாகிவிட்டது, அதை இனித் தொடமுடியாதாம்.

"அன்றே சொல்லியிருந்தால் தீர்ப்பு முழுவதும் உடைந்திருக்கும்" என்றாள் யூலியா.

அண்ணை அசையவில்லை. "பயப்பிடாதை பிள்ளை, இன்னொரு காரணம் யோசிப்பம்" என்றார். என்ன நெஞ்சழுத்தம் பாருங்கள்!

சிறைக்குப் போகும் எஸ்-பான் ரயிலில் பிளோறன்ஸ் அண்ணையைத் திட்டிக்கொண்டே போனாள். சந்திப்பறையில் கணவனைக் கண்டதும் அத்தனையையும் கொட்டினாள். அந்த மனிசன் எங்கடை குடும்பத்தை அழிச்சுப்போட்டான், நாசமாப் போவான் என்று.

சில்வெஸ்டர் முழுவதையும் கேட்டான்.

"அண்ணையை விடும். உமக்கு ஜேர்மன் தெரியும்தானே. நீர் ஏன் அண்டைக்குச் சொல்லேல்லை?"

"எனக்கும் அது நல்ல யோசனையாத்தான் பட்டது" என்றாள் பிளோறன்ஸ்.