தெரிந்த சேதிக்கு அழுதவள்

நோரீன் சொல்லாமல் கொள்ளாமல் வருகிறவள் அல்ல. வருவதாக இருந்தால் காலையிலேயே போன் செய்து, என்ன கொண்டுவரட்டும் என்று கேட்டுவிட்டுத்தான் வருவாள். அந்தச் சனிக்கிழமை மதியம் பூட்ஸில் ஒட்டிய பனியைக்கூடத் தட்டாமல் மேரனின் சமையலறைக்குள் வந்து நின்றாள். கண்கள் சிவந்திருந்தன.

"கத்தியக் கீழ வை மேரன். முதல்ல உட்காரு."

மேரன் சூப்புக்குக் கேரட் நறுக்கிக்கொண்டிருந்தாள். யாரோ செத்துப்போய்விட்டார்கள் என்றுதான் முதலில் நினைத்தாள்.

"எப்படிச் சொல்றதுன்னே தெரியலடி. வியாழக்கிழமை நானும் எங்க வீட்டுக்காரரும் டூ ஹார்பர்ஸ் போயிருந்தோம். அங்க சாப்பாட்டுக் கடையில லைல் உட்கார்ந்திருந்தான். எங்கூடப் பொறந்தவன்தான், உன் புருஷன்தான். பக்கத்துல ஒரு பொம்பளை. அவ கையப் புடிச்சுக்கிட்டு, ஊட்டிவிடாத குறை. எங்களை அவன் பாக்கல. நான் சாப்பிடாமயே எழுந்து வந்துட்டேன்."

இதில் மேரனுக்குத் தெரியாதது ஒன்றுமில்லை. அந்தப் பெண்ணின் பெயர் டெலா. மிருக வைத்தியரிடம் வேலை பார்க்கிறவள். லைலுக்கும் அவளுக்கும் இரண்டு வருடப் பழக்கம். வியாழக்கிழமை போகப்போகிறேன் என்று லைல் புதன்கிழமையே சொல்லிவிட்டான். காலரில் நூல் பிரிந்த சட்டையைப் போட்டுக்கொண்டு கிளம்பினவனை நிறுத்தி, நீல ஸ்வெட்டரைப் போட்டுக்கொண்டு போ என்று அனுப்பிவைத்ததே மேரன்தான்.

ஆகவே 'எனக்குத் தெரியும் நோரீன்' என்று சொல்லத்தான் வாயைத் திறந்தாள். வார்த்தைக்குப் பதில் விம்மல் வந்தது. அப்புறம் அது நிற்கவில்லை. மேசைமேல் தலையைச் சாய்த்துக்கொண்டு, தோள் குலுங்கக் குலுங்க அழுதாள். நோரீன் அவளைக் கட்டிப்பிடித்துக்கொண்டு, "அழு, நல்லா அழு, அந்த நாயை நான் பாத்துக்கிறேன்" என்று முதுகைத் தடவினாள். அழுதுகொண்டே மேரன் யோசித்தாள்: நான் ஏன் அழுகிறேன்?

மாலையில் லைல் வந்ததும் நடந்ததைச் சொன்னாள். அவன் கோட்டைக்கூடக் கழற்றாமல் கேட்டுக்கொண்டிருந்தான். நகராட்சித் தண்ணீர்க் குழாய்களைப் பழுது பார்க்கும் வேலை அவனுக்கு. நாள் முழுக்க உறைபனியில் நின்றுவிட்டு வந்திருந்தான்.

"நீ அழுதியா?"

"அழுதேன்."

"எதுக்கு?"

"அதுதான் தெரியல."

"உனக்குத்தான் எல்லாம் தெரியுமே, மேரன். ஸ்வெட்டர் எடுத்துக் குடுத்தது யாரு?"

"தெரியும்தான். ஆனா அவ சொன்னப்ப வேற யாரோட கதையையோ கேக்கற மாதிரி இருந்துச்சு. அந்தக் கதையில வர்றவ ரொம்பப் பாவமா இருந்தா."

லைல் நாற்காலியில் உட்கார்ந்தான். அதற்குள் அவன் போன் அடித்தது. தங்கை. எடுத்துக் காதில் வைத்தான். மறுமுனையில் நோரீன் கத்தியது மேரன் நின்ற இடம்வரை கேட்டது. முடிந்ததும் போனைக் கவிழ்த்து வைத்தான்.

"அவகிட்ட உண்மையச் சொல்லிடு," என்றான்.

"சொல்றேன். கொஞ்சம் டைம் குடு."

வெளியே வேறொருவரோடு பழகலாம் என்று இருவருக்கும் இடையே ஒரு பேச்சு இருந்தது. எதையும் ஒளிக்கக் கூடாது, வீட்டுக்கு யாரையும் அழைத்து வரக் கூடாது, இருவரும் ஒத்துக்கொள்ளாமல் வெளியே மூச்சுவிடக் கூடாது. உலகம் இதற்கு ஓப்பன் மேரேஜ் என்று பெயர் வைத்திருந்தாலும் அவர்கள் வீட்டில் அது வெறும் 'ஏற்பாடு'தான். அந்த ஏற்பாட்டை முதலில் கேட்டவள் மேரன். ஊர்ப் பாலத்துக்கு அந்தப் பக்கம் குடியிருந்த ரஸ் என்பவன்மேல் அவளுக்கு மனம் போய்விட்டது. ஒளித்து வைக்கத் தெரியாமல் லைலிடமே சொல்லிவிட்டாள். உன்னை விடவும் மனசில்லை, அவனை மறக்கவும் முடியவில்லை என்றாள். லைல் பல நாட்கள் சரியாகச் சாப்பிடவில்லை. பிறகு ஒருநாள் கார் ஓட்டிக்கொண்டே, "சரி, செஞ்சு பாப்போம்" என்றான். ரஸ் ஒரு வருடம் இருந்தான், வேலை மாறி அரிசோனா போனான், அதோடு முடிந்தது. அதன் பிறகுதான் லைலுக்கு டெலா.

மேரன் கேட்ட கொஞ்ச நேரம் வாரக்கணக்கில் நீண்டது. நோரீன் வழியாகச் சேதி பரவி, அந்த வாரங்களில் சர்ச் பெண்கள் சாப்பாடு கொண்டுவந்தார்கள். அந்த ஊரில் யாராவது இறந்தாலும், ஆபரேஷன் என்றாலும், புருஷன் ஓடிப்போனாலும் கறியும் உருளைக்கிழங்கும் சேர்த்து அடுப்பில் வேகவைத்துப் பாத்திரத்தோடு கொண்டுவந்து வைத்துவிட்டுப் போவார்கள். மேரன் வாசலில் நின்று வாங்கிக்கொண்டாள். "நீ எப்படித்தான் தாங்கிக்கிறியோ" என்றவர்களிடம் தலையை ஆட்டினாள். அவளுக்கே வெட்கமாக இருந்தது. ஆனாலும் அந்தக் கரிசனம் வெந்நீரில் காலை வைத்ததுபோல் இதமாகவும் இருந்தது. சாயங்காலம் அந்தச் சாப்பாட்டை லைலும் அவளுமாக உட்கார்ந்து தின்றார்கள்.

"என்னை நாய்னு திட்டினவ செஞ்சது. உப்பு கம்மி," என்றான் லைல் ஒருநாள். சிரிப்பான் என்று பார்த்தாள். சிரிக்கவில்லை. அவன் வருடா வருடம் போகும் மீன்பிடிக் கூட்டம் இந்த வருடம் அவனைக் கூப்பிடாமல் உறைந்த ஏரியின் பனிமேல் கூடாரம் போட்டுவிட்டது. சர்ச் பாடகர் குழுவில் அவனுக்குப் பக்கத்தில் நிற்கிறவன் ஒரு அடி தள்ளி நின்றான். ஒரு வார்த்தையில் எல்லாவற்றையும் திருப்பிப் போட்டிருக்கலாம். கொடுத்த பேச்சுக்காக வாயை மூடிக்கொண்டிருந்தான். அவன் மூட மூட, மேரனுக்கு அவன்மேல்தான் எரிச்சல் வந்தது. அது ஏன் என்றும் அவளுக்குப் புரியவில்லை.

மேரன் மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை பார்த்தாள். அங்கே கூட வேலை செய்யும் டேஷாவுக்கு இருபத்தாறு வயது. அவளிடம் மட்டும், தெரிந்தவர் ஒருவருடைய கதைபோல எல்லாவற்றையும் சொல்லிப் பார்த்தாள்.

"இதுல என்ன இருக்கு? என் ஃப்ரெண்ட்ஸ்ல பாதிப் பேரு அப்படித்தான்," என்றாள் டேஷா, பிரேம் ஒன்றைத் துடைத்துக்கொண்டே. "ஏதோ சர்வேல கூடப் படிச்சேன். நூறு பேருல நாலஞ்சு பேரு இப்பவும் அப்படி இருக்காங்களாம். எப்பவாவது ஒரு தடவை செஞ்சு பாத்தவங்கன்னு எடுத்தா அஞ்சுல ஒருத்தர்."

"அஞ்சுல ஒருத்தரா?"

"யாரு வெளிய சொல்றாங்க? ஆமா, உங்களுக்குத் தெரிஞ்ச அந்தம்மா எதுக்கு அழுதாங்களாம்?"

"அது அவளுக்கே தெரியாதாம்."

"அப்போ பாவம் புருஷன்," என்று டேஷா அடுத்த பிரேமை எடுத்தாள்.

ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் மேரன் பிரசங்கத்தைக் கேட்கவில்லை. முன்வரிசைகளில் இருந்தவர்களின் பின்னந்தலைகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள். நூறு பேருக்குக் குறையாது. அப்படியென்றால் நான்கைந்து பேர் இருக்க வேண்டும். நானும் லைலும் போக மிச்சம் யார்? நடைக்குச்சியோடு உட்கார்ந்திருக்கும் ஹார்லனா? பியானோ வாசிக்கும் வினோனாவா? இஸ்திரி மடிப்புக் கலையாத அந்த வங்கி மேனேஜரா? ஒவ்வொருவரையும் வைத்துப் பார்த்தால் யாருமே இருக்க முடியாது என்று தோன்றியது. அடுத்த நிமிஷம் எல்லாரும் இருக்கலாம் என்றும் தோன்றியது. இதே தலைகள்தான் என்னைப் பற்றியும் 'இவளா, இருக்கவே முடியாது' என்று நினைத்திருக்கும். பின்னாலிருந்து யாரோ அவள் தோளை அன்பாக அழுத்தினார்கள். மேரன் திடுக்கிட்டாள்.

ஆராதனை முடிந்ததும் கீழ்த்தளத்தில் காபி. லைல் கோப்பையை நீட்டினான். கெட்டில் நோரீனிடம் இருந்தது. அவள் அண்ணனைத் தாண்டி அடுத்தவருக்கு ஊற்றினாள்.

"நோரீன், எனக்கு."

"உனக்குத்தான் ஊத்திக் குடுக்க வேற ஆளு இருக்காளே."

மேசையைச் சுற்றி இருந்தவர்கள் தட்டைக் குனிந்து பார்த்தார்கள். லைல் காலிக் கோப்பையைப் பிடித்தபடி அப்படியே நின்றான். அவன் காது மடல் சிவந்துவிட்டது. முகத்தில் கோபம் இல்லை. அடி வாங்கியும் கையைத் தூக்காத ஒருவனுடைய முகம். அதைப் பார்த்த பிறகு மேரனால் உட்கார முடியவில்லை.

"எனக்குத் தெரியும், நோரீன்," என்றாள். குரல் கொஞ்சம் பலமாகவே வந்துவிட்டது. "டெலாவ எனக்குத் தெரியும். ஆரம்பத்துலேர்ந்தே தெரியும். அவன் என்னை ஏமாத்தல. இப்படி இருக்கலாம்னு முதல்ல கேட்டதே நான்தான். எனக்கும் ஒருத்தர் இருந்தாரு."

கரண்டிகள் நின்றன. ஹார்லன் காதுக் கருவியைத் திருகிக்கொண்டு மனைவியிடம், "என்ன சொல்றா?" என்றார்.

"ரெண்டு பேரும் ஒத்துக்கிட்டுத்தானாம்."

"எதுக்கு?"

"பேசாம இருங்க. வீட்ல சொல்றேன்."

நோரீன் கெட்டிலை மேசைமேல் வைத்தாள். "அப்போ அன்னைக்கு ஏன்டி அப்படி அழுத? நான் கட்டிப்புடிச்சுத் தேத்தத் தேத்த அழுதியே, அது நடிப்பா?"

"நடிப்பில்ல."

"பின்ன என்ன?"

நூறு ஜோடிக் கண்கள் காத்திருக்கும்போது, தெரியவில்லை என்று சொன்னால் யார் நம்புவார்கள்? மேரன் கோட்டை எடுத்துக்கொண்டு வெளியே வந்தாள். லைல் பின்னாலேயே வந்தான். கார் கதவைத் திறந்து விட்டவன், "தேங்க்ஸ்" என்று மட்டும் சொன்னான்.

மறுவாரமே காற்று திசை மாறியது. இப்போது லைல் பாவமாகிவிட்டான். மீன்பிடிக் கூட்டம் அவனைத் தேடி வந்து அழைத்தது. அவள்தான் அவனை அப்படிச் செய்ய வைத்தாள் என்றார்கள். சாப்பாடு வருவது நின்றது. ஒருவன் கண்ணாடியைச் சரிசெய்ய வந்து, தேவைக்கு மேல் குனிந்து, இந்த வாரக் கடைசியில் ஃப்ரீயா என்று கேட்டான். "கடை ஞாயித்துக்கிழமை லீவு" என்று பில்லை நீட்டினாள் மேரன். வினோனா வந்து, சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, "பொறாமை வந்தா என்ன பண்ணுவீங்க? நான் சும்மாதான் கேக்கறேன், எனக்கில்ல" என்றாள். அவளுக்குத்தான் என்று மேரனுக்குப் பட்டது. இல்லாமலும் இருக்கலாம்.

அப்படி வந்தவர்களில் கடைசியாக வந்தவள் டெலா. மேரன் அவளை முன்பு ஒரே ஒரு தடவை பார்த்திருக்கிறாள். இந்தத் தடவை மெலிந்திருந்தாள். கண்ணாடி எதுவும் வேண்டாம், பேசத்தான் வந்தேன் என்றாள். இருவரும் காரில் போய் உட்கார்ந்தார்கள்.

"லைல்கிட்ட நேத்து சொல்லிட்டேன். போதும்னு முடிச்சுக்கிட்டேன். உங்ககிட்டயும் சொல்றதுதான் மரியாதைன்னு பட்டுது."

"ஏன்? நான் ஒண்ணும் சொல்லலையே டெலா."

"நீங்க சொல்லல. ஊரே சொல்லுது. முதல்ல நீங்க பாவம்னாங்க, அப்புறம் அவர் பாவம்னாங்க. என்னைப் பத்தி ஒருத்தர்கூட எதுவும் கேக்கல. நான் அவர் வாழ்க்கையில வந்த ஒரு வியாழக்கிழமை, அவ்வளவுதான்." டெலா கையுறையை இழுத்துப் போட்டுக்கொண்டாள். "அன்னைக்கு நீங்க அழுதீங்கன்னு அவர் சொன்னாரு. நிஜமா, எனக்கு அப்போ கொஞ்சம் சந்தோஷமா இருந்துச்சு. அழற அளவுக்கு நான் ஒரு ஆளுன்னு."

மேரன் அவள் கையைப் பிடித்தாள். இது சரியா தவறா, தான் யார், அவள் யார், எதுவும் ஓடவில்லை. டெலா சற்று நேரம் கையை விட்டுவைத்திருந்தாள். பிறகு எடுத்துக்கொண்டு இறங்கிப் போனாள்.

வீட்டில் லைல் வேலைக்குப் போகாமல் சோபாவில் கிடந்தான். அழுது முடித்த முகம். மேரன் போர்வையை எடுத்துப் போர்த்திவிட்டாள். சூப்பைச் சூடாக்கிக் கொடுத்தாள். வேறொருத்திக்காக அழும் புருஷனைத் தேற்றுவதற்கு என்ன சொல்வது? அவன் தலையைத் தடவிக்கொண்டிருந்தாள். அவன்மேல் இரக்கமாக இருந்தது. டெலாவுக்காகவும் வருத்தமாக இருந்தது. இதற்கெல்லாம் அடியில் ஒரு சின்ன நிம்மதியும் தட்டுப்பட்டது. அதைக் கண்டுகொள்ளாததுபோல் இருந்தாள்.

"எல்லாத்தையும் மூடிடலாம் மேரன்," என்றான் லைல். "நீயும் நானும் மட்டும். பழையபடி."

இத்தனை நாளும் தான் காத்திருந்தது இந்த வார்த்தைக்குத்தானோ என்று மேரன் நினைத்தாள். ஆனால் கேட்டதும் நெஞ்சு லேசாகவில்லை. ஏதோ ஜன்னலைச் சாத்தினதுபோல் இருந்தது.

"இப்ப எதுவும் முடிவு பண்ண வேண்டாம்," என்றாள். "நீ துக்கத்துல பேசற."

"உனக்கு என்ன வேணும்? அதச் சொல்லு."

"தெரிஞ்சா சொல்லியிருக்க மாட்டேனா?"

முடிவு எதுவும் எடுக்கவில்லை. வசந்தம் வந்தது, ஏரியின் பனி உடைந்தது, கப்பல்கள் வரத் தொடங்கின. லைல் யாரையும் தேடிப் போகவில்லை. மேரனும் போகவில்லை. ஆனால் மூடிவிட்டோம் என்று ஒருவரும் சொல்லிக்கொள்ளவில்லை. அவர்களுக்குள் பேச்சு முன்பைவிட அதிகமாக இருந்தது. சண்டையும் அதிகமாக இருந்தது.

ஜூன் மாதம் நோரீன் மறுபடி போன் செய்துவிட்டு வந்தாள். உருளைக்கிழங்கு சாலட் கொண்டுவந்திருந்தாள். முதலில் வானிலை பேசினாள், பிறகு காப்பீட்டுக் கம்பெனியைத் திட்டினாள். லைல் புல் வெட்டப் பின்பக்கம் போனதும் குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

"ஒண்ணு கேக்கறேன், கோவிச்சுக்காத. நீங்க இப்பவும் அப்படித்தானா?"

"ஆமா," என்றாள் மேரன்.

"சரி."

சாலட்டைத் தட்டில் வைத்து நோரீனிடம் நீட்டியபோதுதான், 'இல்லை' என்று சொல்லியிருந்தாலும் அது பொய்யாகி இருக்காது என்று மேரனுக்குப் பட்டது.

"நான் சொன்னது சரியான்னு தெரியல நோரீன்," என்றாள்.

"சாப்பிடு முதல்ல," என்றாள் நோரீன். பின்பக்கம் புல் வெட்டும் இயந்திரம் நின்றது. லைல் பெட்ரோல் தீர்ந்துவிட்டது என்று கத்தினான்.