கேமராவில் இரண்டு பேர்

கணவன் வெங்கட் இறந்து பதினோரு மாதம் கழித்து சுபாஸ்ரீ வேலை தேடத் தொடங்கினாள். மகள் ரோகிணி பிறந்தபோது விட்ட வேலை. எட்டு வருட இடைவெளி. கச்சிபௌலி ஐ.டி. பகுதியில் ஒரு கம்பெனி முதல் சுற்றுக்கு அழைத்தது. வீட்டிலிருந்தே, கேமரா முன்னால் உட்கார்ந்து எழுதும் தேர்வு. எல்லாம் உருவங்கள். கட்டத்துக்குள் அம்பு கால்வட்டம் திரும்பும், கரும்புள்ளி ஒரு மூலை தள்ளிப் போகும். அடுத்து வருவது எது?

மகள் பள்ளிக்குப் போனதும் ஹாலில் லேப்டாப்பைத் திறந்து, கம்பெனி அனுப்பிய அதே கேமரா முறைப் பயிற்சித் தேர்வுகளைப் போட்டுப் பார்த்தாள். முதல் நாளே, ஒன்பதாவது கேள்வியில் திரை நின்றது.

'கேமராவில் இரண்டு பேர் தெரிகிறார்கள். தனியாக அமரவும்.'

திரும்பினாள். யாரும் இல்லை. கதவு உள்ளே தாழிட்டிருந்தது. மறுபடி தொடங்கினாள், மறுபடி நின்றது. பள்ளி பஸ் வரும்வரை கீழே செக்யூரிட்டி அறைப் பக்கமே நின்றாள்.

சனிக்கிழமை ரோகிணியைக் கேமராவில் விழாமல் பக்கவாட்டில் நிறுத்திக்கொண்டு திறந்தாள். திரை மூலையில் இருந்த சின்னப் படத்தை மகள் விரலால் தொட்டாள்.

"அம்மா, லுக்! உன் மூஞ்சிக்கு ஒரு பச்சை பாக்ஸ். அப்பாவுக்கும் ஒண்ணு."

பின்சுவரில் மாலை போட்ட வெங்கட்டின் போட்டோ.

"ஏட்டி, இதுக்கா நான் இப்படிப் பயந்தேன்!" சுபாஸ்ரீ சிரித்தாள். சிரிப்பு பாதியிலேயே நின்றுவிட்டது. அவனை இன்னும் ஓர் ஆளாக எண்ணிக்கொண்டிருந்தது அந்த இயந்திரம்.

போட்டோவைக் கழற்றவில்லை. அடுத்த நான்கு நாட்களும் கேள்விகளைத் தொடாமல் அந்த வரிக்காகவே காத்திருந்தாள். இரண்டு பேர் என்று வரும். படிப்பாள். மறுபடி தொடங்குவாள்.

தேர்வன்று கழற்றத்தான் வேண்டியிருந்தது. குப்புற வைக்க மனமில்லாமல் கட்டிலில் மல்லாத்தி வைத்துவிட்டு வந்தாள்.

இம்முறை எதுவும் நிற்கவில்லை. அதுதான் தாங்கவில்லை. பதினொன்றாவது கேள்வியில் அவளே திரும்பிப் பார்த்தாள்.

'திரையைப் பார்க்கவும். முதல் எச்சரிக்கை.'

இருபதாவதில் மறுபடி திரும்பினாள். வெறும் சுவர். 'இரண்டாவது எச்சரிக்கை. மூன்றாவதில் தேர்வு ரத்தாகும்.'

கழுத்தை விறைத்துக்கொண்டாள். தோளுக்கு மேலாக யாரோ குனிந்து திரையைப் பார்ப்பதுபோலவே இருந்தது. வெங்கட் அப்படித்தான் பார்ப்பான். கண்ணீர் கன்னத்தில் இறங்கியது. துடைக்கக் கை போகவில்லை. கடைசிக் கேள்விவரை அவள் திரும்பவே இல்லை.

அன்று சாயங்காலமே போட்டோ சுவருக்குத் திரும்பியது. நான்காம் நாள் கம்பெனியிலிருந்து மெயில் வந்தது.

"பாஸ் ஆயிட்டேன்ட்டி. இனி இன்டர்வியூ மட்டும்தான்."

பள்ளி விட்டு வந்த ரோகிணி ஷூவைக் கழற்றாமல் நின்றாள். "வேலை கிடைச்சா டெய்லி போயிருவியா?"

"ஆமா."

"அப்போ நான் ஸ்கூல் விட்டு வரும்போது வீட்ல யாரு இருப்பா?"

சுபாஸ்ரீ அவள் முன்னால் தரையில் உட்கார்ந்து, ஷூ முடிச்சை அவிழ்க்கத் தொடங்கினாள்.