விடுபட்ட அடி

இரவு பதினொன்றரைக்குக் கனடாவின் பிரெஞ்சுத் தொலைக்காட்சியில் ட்றம்ஸ் அடிக்கிற றொசான், அதே நேரத்தில் செயின்ட்-மிஷேலில் தன் வீட்டுக் கதிரையில் இருந்து புட்டுச் சாப்பிடுவான். நிகழ்ச்சியைப் பின்னேரம் ஐந்து மணிக்கே பதிந்துவிடுவார்கள் என்று எத்தனை தரம் சொன்னாலும் கோயில் பங்குச் சனம் நம்பாது. காதில் பூச் சுற்றுகிறான் என்று சிரிக்கும்.

வேலையும் மலையைப் புரட்டுகிற வேலை இல்லை. நான்கு வருடம் ஜாஸ் படித்து, ஹோட்டல்களிலும் கல்யாண வீடுகளிலும் கை நோக அடித்து, கடைசியில் வந்து சேர்ந்த இடம் இது. நிகழ்ச்சி நடத்துகிறவர் பகிடி விடுவார். விட்ட கையோடு றொசான் இரண்டு தட்டுத் தட்டி, சிம்பலில் ‘டிஷ்’ என்று ஒன்று போட வேண்டும். அப்போதுதான் சபை சிரிக்கும். ஆறு வருடத்தில் ஒருநாளும் அவன் பிந்தியதில்லை. அதில் அவனுக்குப் பெருமைதான், ஏன் பொய் சொல்வான்?

2009 சித்திரை மாதம். மனைவி றெஜினாவின் அக்கா அஞ்சலீனா மன்னாரிலிருந்து இடம்பெயர்ந்து, பிள்ளைகளோடு வன்னிக்குள் அகப்பட்டிருந்தாள். இரண்டு மாதமாக ஒரு செய்தியும் இல்லை. போரை நிறுத்தச் சொல்லிக் கனடா முழுக்கத் தமிழர் தெருவில் இறங்கி மறித்திருந்தார்கள். லீவு நாட்களில் றெஜினாவும் போய்க் குளிருக்குள் நின்றாள்.

அந்த வியாழக்கிழமை நடத்துகிறவர் அதையே பகிடிக்கு எடுத்தார். “திருத்த வேலை என்று தெருவை மறித்து வைப்பதில் எங்கள் நகரசபையை யாரும் வெல்ல முடியாது என்றிருந்தேன். தமிழர்கள் வந்து தோற்கடித்துவிட்டார்கள்.”

பெரிய நஞ்சு ஒன்றும் இல்லை அதில். மனுசனுக்கு அஞ்சலீனாவைத் தெரியுமா என்ன? ஆனால் றொசானுக்குக் கை எழவில்லை. தடிகளை மடியில் வைத்துவிட்டான். சபை அவனைப் பார்த்தது, நடத்துகிறவரும் பார்த்தார், ஒருவரும் சிரிக்கவில்லை. பிறகு அவர் அடுத்த பகிடிக்குத் தாவினார்.

வீட்டுக்கு வந்து சொன்னான். “இண்டைக்கு எங்கட சனத்தைப் பற்றிப் பகிடி விட்டவர், றெஜினா. நான் அடிக்கேல்லை.”

“மெய்யே?”

“ஓம். தடியை வைச்சிட்டுச் சும்மா இருந்தனான்.”

இரண்டு மாதத்தில் முதல் தடவையாக அவள் முகம் மலர்ந்தது. போனை எடுத்து, சவிரிமுத்து அண்ணை வீட்டில் தொடங்கி ஏழெட்டு வீட்டுக்குச் சொன்னாள். “இண்டைக்கு முழிச்சிருந்து பாருங்கோ. இவர் என்ன செய்தவரெண்டு தெரியும்.”

பதினொன்றரைக்குப் பகிடி வந்தது. பின்னாலேயே இரண்டு தட்டும் சிம்பலும் வந்தன. திரை நிறைய றொசானின் முகம், பல்லெல்லாம் தெரியச் சிரித்துக்கொண்டு. சபை கொல்லென்று சிரித்தது.

“அது வேற நாளில எடுத்தது. வெட்டி ஒட்டியிருக்கிறாங்கள்,” என்றான்.

“எனக்கு விளங்குது,” என்றாள் றெஜினா. “மற்ற வீட்டுக்காரருக்கு?”

ஒரு வீட்டிலிருந்தும் போன் வரவில்லை.

மறுநாள் தயாரிப்பாளரிடம் கேட்டே தீருவது என்றுதான் போனான். மெத்ரோவில் வழிநெடுகப் பிரெஞ்சில் வசனம் கோத்தான்: என் கை தவறவில்லை, வேண்டுமென்றுதான் அடிக்காமல் விட்டேன், நீங்கள் செய்தது பிழை. அந்த மனுசனோ இவன் வாய் திறக்க முன்னமே தோளில் கை போட்டார்.

“கவலைப்படாதே. மாசியில் நீ அடித்த ஒன்றை எடுத்து ஒட்டிவிட்டோம், ஒருவருக்கும் தெரியாது. யாருக்கும் ஒருநாள் கை பிசகும். அடுத்த வருடமும் நீதான்.”

அன்றைக்கு அவன் வீடு திரும்பியபோது றெஜினா கதவடியிலேயே நின்றாள்.

“கேட்டனீங்களோ?”

“எனக்குக் கை பிசகிப் போச்செண்டு நினைச்சிருக்கிறாங்கள்.”

“அதுக்கு நீங்கள் என்ன சொன்னனீங்கள்?”

றொசான் குனிந்து ஒரு சப்பாத்தைக் கழற்றினான். பிறகு மற்றதையும் கழற்றினான்.

“இனிப் பிசகாதெண்டு சொல்லிப்போட்டு வந்தனான்.”